‘கட்’ சொல்லாதவன்

நான்கு வருடம் அவனை ‘அவர்’ என்றுதான் சொன்னேன். படப்பிடிப்பில் மற்றவர்களோடு கதைத்தாலும், வீட்டில் சாப்பிடும்போது என் கணவரிடம் அன்றைய கதையைச் சொன்னாலும் ‘அவர்’. இப்போது எழுத உட்கார்ந்தால் பேனை ‘அவன்’ என்றே எழுதுகிறது. இரண்டு முறை திருத்திப் பார்த்தேன். திருத்தத் திருத்த வாய்க்குள் ஏதோ புளித்துக்கொண்டு வந்தது. அப்படியே விட்டுவிட்டேன்.

இரண்டாயிரமாம் ஆண்டு பிறந்து கொஞ்சக் காலம். நான் கனடாவில், மொன்றியல் நகரின் சென்ட் லோரன்ட் பகுதியில், ஒரு மருந்துத் தொழிற்சாலையில் குளிசைப் பெட்டி அடைக்கும் வேலையில் இருந்தேன். அந்த வேலை போனது. கூட வேலை செய்த பெண்ணொருத்தி, பக்கத்துப் பழைய கிடங்கில் படம் எடுக்கிறார்கள், எங்களைப்போல நிறமுள்ள ஆட்கள் வேண்டுமாம், சும்மா நடந்தால் போதுமாம் என்றாள். மாசி மாதக் குளிரில் நானும் போய் வரிசையில் நின்றேன்.

கிடங்குக்குள்ளே ஒரு வெயில் நாட்டுச் சந்தையைக் கட்டியிருந்தார்கள். எந்த நாடு என்று கடைசிவரை ஒருவரும் சொல்லவில்லை. கடைப் பலகைகளில் எந்த மொழியிலும் சேராத எழுத்துகள். வெளியே மூச்சு உறைகிற குளிர். உள்ளே நாங்கள் இருநூறு பேர் பருத்திச் சட்டையோடு, நெற்றியில் பொய் வியர்வை தெளிக்கப்பட்டு நின்றோம். நடுவில் ஒரு மரப்பெட்டியின் மேல் ஏறி நின்று கத்திக்கொண்டிருந்தவன்தான் அவன். இங்கிலாந்துக்காரன். ஐம்பதை எட்டும் வயது, செம்பட்டைத் தாடி, இடுப்பில் வோக்கி டோக்கி. இயக்குநர் இவன்தான் என்று நினைத்தேன். இல்லை, இயக்குநர் மூலையில் தொப்பியைக் கண்வரை இழுத்துவிட்டுக்கொண்டு ஒரு சின்னத் திரையைப் பார்த்தபடி இருந்தார். இவன் முதல் உதவி இயக்குநர். இயக்குநர் மனதில் நினைப்பதை, இத்தனை மணிக்கு, இத்தனை பேரை வைத்து, நடக்கச் செய்கிறவன். யார் எங்கே நிற்பது, எப்போது சாப்பிடுவது, எப்போது இருமாமல் இருப்பது, எல்லாம் இவன் சொல்லித்தான்.

அவனுடைய கோட்டுப் பையில் எப்போதும் அவித்த முட்டை இருக்கும். அன்றைக்கும் பெட்டியின் மேல் நின்றபடியே முட்டை உரித்தான். உரித்த ஓட்டை, திரும்பிப் பார்க்காமல், பக்கத்தில் நின்ற ஆளை நோக்கி நீட்டினான். பக்கத்தில் நின்றது நான். நானும் கையை ஏந்தினேன். யாரோ நீட்டினால் ஏந்துகிற கை. ஈர ஓடு, அதில் அவன் கடித்து உமிழ்ந்த மஞ்சள் கருத் துண்டொன்றும் ஒட்டியிருந்தது. உடனே கமரா ஓடத் தொடங்கிவிட்டது, அசையக்கூடாது. திரும்பத் திரும்ப எடுத்த அந்த அரை மணித்தியாலமும் ஓர் அந்நியனின் எச்சிலை உள்ளங்கையில் பொத்திக்கொண்டு சந்தையில் சாமான் வாங்குகிறவளாக நின்றேன்.

அன்றைக்கே இன்னொன்றும் நடந்தது. கமரா ஓடும்போது கூட்டம் சத்தமில்லாமல் வாயை அசைக்க வேண்டும். அதை அவன் ஆங்கிலத்தில் கத்திக் கத்திச் சொன்னான். எங்கள் தமிழ் ஆட்கள் இருபது பேர் விளங்காமல் மரியாதையாகச் சிரித்தார்கள். கமரா ஓடியதும் பலத்த குரலில் கதைத்தார்கள். நான் பொறுக்க முடியாமல் திரும்பி, “கோயிலிலை பூசை நடக்கேக்கை பின்னாலை நிண்டு குசுகுசுக்கிறனீங்கள் எல்லே? அந்த மாதிரி. ஆனா ஐயருக்கும் கேக்கப்பிடாது, பக்கத்திலை நிக்கிற மச்சாளுக்கும் கேக்கப்பிடாது” என்றேன். எல்லோரும் சிரித்தார்கள். அடுத்த முறை ஊசி விழுந்தாலும் கேட்கும் அமைதி. அவன் பெட்டியிலிருந்து இறங்கி வந்து என்னைப் பார்த்தான்.

“நாளையிலிருந்து நீ என்னோடு,” என்றான்.

அப்படித்தான் நான் அந்தத் தொழிலுக்குள் போனேன். கூட்டத்தில் நிற்கிறவர்களைச் சேர்ப்பது, உடுப்புக்கு அனுப்புவது, கொண்டுவந்து நிறுத்துவது, திரும்ப அனுப்புவது. நான்கு வருடத்தில் எத்தனையோ படங்கள். மொன்றியல் ஒவ்வொரு படத்திலும் வேறொரு ஊராக இருக்கும். நாங்களும் வேறொரு நாட்டு மக்களாக இருப்போம்.

அவன் வேலையில் கெட்டிக்காரன். அதை மறைக்க எனக்கு மனமில்லை. இருநூறு பேரையும் பத்து நிமிடத்தில் ஒரு சந்தையாக ஓட வைப்பான். ஒரு முறை பனிக்குள் நின்ற ஒரு வயோதிபர் நடுங்குவதைக் கண்டு, இயக்குநரிடமும் கேட்காமல் வேலையை நிறுத்தி, தன் கோட்டைக் கழற்றி அவருக்குப் போட்டுவிட்டான். நான் அன்றிரவு வீட்டில் அதைச் சொல்லிப் பெருமைப்பட்டேன். என் கணவர், “அப்ப நல்ல மனுசன்தான்” என்றார். நானும் ஓம் என்றேன்.

அதே வாயால்தான் அவன், மேசை கதிரையைச் சொல்வதுபோல, எங்களைத் ‘தளபாடம்’ என்பான். “தளபாடத்தை உள்ளே கொண்டு வா” என்று வோக்கி டோக்கியில் அவன் குரல் வரும், வேலையாட்கள் சிரிப்பார்கள். முதல் நாள் எனக்குச் சுருக்கென்றது. ஒரு மாதத்துக்குப் பிறகு நானும் அதே சொல்லைச் சொன்னேன். “எத்தனை தளபாடம் வேண்டும்?” என்று கேட்டேன். அந்தச் சொல் என் குரலில் எப்படி இருந்திருக்கும் என்று இப்போது நினைத்தால் நாக்கைச் சுரண்ட வேண்டும்போல இருக்கிறது.

வாகனத்தில் நெடுந்தூரம் போகும்போது தன் கதையைச் சொல்வான். பதினாறு வயதில் பள்ளிக்கூடத்தை விட்டு, லண்டன் பக்கத்து ஸ்டூடியோ ஒன்றில் தேத்தண்ணி கொண்டுபோகும் வேலைக்குச் சேர்ந்தானாம். பிறகு மூன்றாவது உதவி, இரண்டாவது உதவி, முதல் உதவி. பாலைவனம், காடு, கப்பல் என்று எங்கும் அலைந்தானாம். இரண்டு கலியாணம், இரண்டும் அவன் வீட்டில் இல்லாத நேரத்தில் முறிந்தனவாம். அமெரிக்கப் படங்கள் மொன்றியலுக்கு வரத் தொடங்கியபோது அவற்றோடு வந்து, டவுன்டவுனில் ஒரு மாடியில் தங்கிவிட்டான்.

“இருபத்தைந்து வருடமாக, ஒன்றும் தெரியாத இயக்குநர்களுக்குப் பக்கத்தில் நிற்கிறேன்,” என்றான் ஒரு நாள். “அவர்கள் கலைஞர்கள். நான் மணிக்கூடு. எனக்கும் ஒரு படம் வரும்.”

வந்தது. அகதிகள் வள்ளத்தில் கடல் கடக்கிற கதை. ஐந்து வருடமாக எழுதினானாம். பிரெஞ்சு பேசும் ஒரு மொன்றியல் பெண் தயாரிப்பாளராக முன்வந்தாள். மெலிந்தவள், குறைவாகக் கதைப்பவள். கூட்டத்துக்குப் பொறுப்பாக என்னை வைத்தான். படத்தின் கடைசியில் உன் பெயர் தனி வரியில் வரும் என்றான். ஊர் முழுக்கச் சொல்லித் திரிந்தேன்.

அந்தப் படத்துக்கு நான் முதலில் கூப்பிட்டது அக்காவை. அவர் என் உடன்பிறந்தவர் அல்ல. பார்க் எக்ஸ்டென்ஷனில் எங்களுக்கு இரண்டு தெரு தள்ளி இருந்தவர், ஐம்பது வயதிருக்கும், டவுன்டவுனில் ஒரு சாப்பாட்டுக் கடைக் குசினியில் மரக்கறி வெட்டுகிறவர். ஓய்வு நாட்களில் என்னோடு படப்பிடிப்புக்கு வருவார். நல்ல முகம். கமரா எங்கே இருக்கிறது என்று பார்க்காத முகம். அவன்கூட அதைக் கவனித்திருந்தான்.

ஒரு பின்னேரம் வேலை முடிந்து பஸ்ஸில் பக்கத்துப் பக்கத்து இருக்கையில் வரும்போது, நான் கேட்காமலே அக்கா சொன்னார். ஊரில் சண்டைக் காலத்தில் கடல்நீரேரியை வள்ளத்தில் கடந்தார்களாம். சூடு பட்டு வள்ளம் சரிந்தபோது, தங்கச்சியின் கை இவர் கையில் இருந்ததாம். 

“பிடிச்சுக்கொண்டுதான் இருந்தனான். பேந்து பாத்தா என்ரை கையிலை அவளின்ரை காப்பு மட்டும் கிடக்குது. மஞ்சள் பாவாடை. தண்ணிக்கு மேலை கொஞ்ச நேரம் தெரிஞ்சுது.”

பிறகு ஜன்னல் பக்கம் திரும்பி, “உதை நான் இஞ்சை ஒருத்தருக்கும் சொல்லேல்லை” என்றார். “உனக்கெண்டபடியா சொன்னனான், தங்கச்சி.” அதற்கு முன் என்னைப் பிள்ளை என்றுதான் கூப்பிடுவார்.

நான் கொழும்பிலிருந்து விமானத்தில் வந்தவள். வள்ளம் ஏறினவள் அல்ல. அக்காவின் கதையைக் கேட்டு அழுதேன். அது உண்மையான அழுகை. இரண்டு கிழமை கழித்து அதே கதையை அவனிடம் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

யாரும் என்னை நெருக்கவில்லை. டவுன்டவுனில் அவனுடைய அலுவலகத்தில் இருந்தோம். சுவர் முழுக்க வள்ளப் படங்கள். “இந்தக் காட்சி பொய்யாக இருக்கிறது,” என்று தாள்களை மேசையில் எறிந்தான். “நீ அந்த ஊர்க்காரி. உண்மையாக நடந்த ஒன்றைச் சொல்.” அப்போது அவன் தன் கையால் எனக்குக் கோப்பி ஊற்றித் தந்திருந்தான். எத்தனையோ வருடம் இயக்குநர்களுக்குத் தேத்தண்ணி கொண்டுபோனவன் எனக்குக் கோப்பி தருகிறான் என்று உள்ளுக்குள் ஒரு குளிர்மை. சொன்னேன். யாருக்கு நடந்தது என்றும் சொன்னேன். அவன் முன்னுக்குச் சரிந்து கேட்டான். நான் சொல்லச் சொல்ல அவன் கண் கலங்கியது; அதுவும் உண்மையான கலக்கம் என்றே நினைக்கிறேன்.

“என்ன நிறம் என்றாய்?”

“மஞ்சள்.”

கொப்பியில் எழுதிக்கொண்டான்.

ஆவணி மாதம் படப்பிடிப்பு. நகரத்துக்கு வெளியே, கல் வெட்டி வெட்டிக் குளமாகிப்போன ஒரு பழைய பள்ளம். அதுதான் கடல். தண்ணீர் மிகவும் சுத்தமாக இருக்கிறது என்று குறைப்பட்டு, சாயமும் களிமண்ணும் கொட்டிக் கலக்கினார்கள். மிதக்கும் மீன் வேண்டும் என்றான். என்னை ஜான்-டலோன் சந்தைக்கு அனுப்பினான். மீன்காரன் எத்தனை பேருக்குச் சமையல் என்று கேட்டான். கலியாண வீடு என்று பொய் சொல்லிவிட்டு இரண்டு பெட்டி வாங்கி வந்தேன். முதல் நாள் அவை மீனாக இருந்தன. மூன்றாம் நாள் வயிறு ஊதி, வெடித்து, வெள்ளையாக ஏதோ கசிந்து, கரை முழுக்க நாற்றம். மாற்றலாமா என்று கேட்டேன். “வேண்டாம், இப்போதுதான் சரியாக இருக்கிறது” என்று மூக்கை மூடாமல் நின்றான். அந்தத் தண்ணீருக்குள்தான் எங்கள் ஆட்களை இறக்கினோம். நெஞ்சிலும் முகத்திலும் பூசிய பொய் இரத்தம் சீனிப் பாகு. குளவிகள் வந்து மொய்த்தன. அவர்களுக்கு மதியம் ஈரமாகிப்போன பாண் துண்டு. வேலையாட்களுக்குக் கூடாரத்தில் சுடச்சுடச் சாப்பாடு. நான் கூடாரத்தில் சாப்பிட்டேன்.

வள்ளக் காட்சி எடுத்த அன்று காலை ஒப்பனைக்காரி எல்லோருடைய நெற்றியையும் துடைத்தாள். திருநீறு, பொட்டு எல்லாம் போக வேண்டுமாம்; எல்லாம் இழந்தவர்கள் என்று தெரிய வேண்டுமாம். அக்கா என்னைக் கூப்பிட்டு, “பொட்டை மட்டும் விடச்சொல்லு தங்கச்சி” என்றார். 

நான் அவனிடம் போய்க் கேட்கவில்லை. கேட்டதுபோலக் கொஞ்சத் தூரம் நடந்துவிட்டுத் திரும்பி வந்து, “ஏலாதாம் அக்கா” என்றேன்.

“சரி, விடு.”

உடுப்புக் கூடாரத்தைத் தாண்டிப் போகும்போது பார்த்தேன். நீச்சல் தெரிந்த ஸ்டண்ட் பெண்ணொருத்தி, சின்ன உருவம், முதுகைக் காட்டி நின்றாள். அவளுக்கு ஒரு மஞ்சள் பாவாடை கட்டிக்கொண்டிருந்தார்கள்.

இந்த இடத்தில் நான் என்ன நினைத்தேன் என்று பல முறை என்னைக் கேட்டிருக்கிறேன். ஒன்றும் நினைக்கவில்லை என்று எழுதினால் பொய். என்ன நடக்கப்போகிறது என்று எனக்கு விளங்கிவிட்டது. அப்போது வோக்கி டோக்கியில் என்னைக் கூப்பிட்டான். “வாறன்” என்று தமிழிலேயே சொல்லிக்கொண்டு ஓடினேன். வேலை இருந்தது. அதுதான் நான் எனக்குச் சொல்லிக்கொண்டது.

அக்காவுக்குச் சொல்லப்பட்டது இவ்வளவுதான்: வள்ளத்தில் இருங்கள், சத்தம் கேட்டால் குனியுங்கள், வள்ளம் கொஞ்சம் ஆடும், பயப்படாதீர்கள், தண்ணீருக்குள் ஆட்கள் காவலுக்கு நிற்கிறார்கள். அதை மொழிபெயர்த்துச் சொன்னதும் நான்தான். அவர் பக்கத்தில் அந்தப் பெண்ணைக் கடைசி நிமிடத்தில் ஏற்றினார்கள். பாவாடை தெரியாமல் ஒரு கறுப்புப் போர்வை மூடியிருந்தது. அவளுடைய கையை அக்காவின் கைக்குள் வைத்தார்கள்.

“ஆக்‌ஷன்!” 

வெடிச் சத்தம். வள்ளம் ஆடியது. போர்வை விலகியது. அந்தப் பெண் அக்காவின் கையிலிருந்து வழுக்கி, பின்பக்கமாகத் தண்ணீருக்குள் போனாள். மஞ்சள் பாவாடை ஒரு குடைபோல விரிந்து மேலே நின்றது.

அக்கா கத்திய சத்தத்தை நான் எழுதப்போவதில்லை. ஒரு பெயரைக் கூப்பிட்டார். அந்தப் படத்தில் ஒருவருக்கும் அந்தப் பெயர் இல்லை. வள்ளத்தின் விளிம்பில் கால் வைத்து, சேலையோடு, அந்த நாறின தண்ணீருக்குள் பாய்ந்தார். அவருக்கு நீந்தத் தெரியாது. கை இரண்டும் மீன்களுக்கிடையில் தேடின. மூழ்கி எழும்பி மீண்டும் தேடின. கமரா ஓடிக்கொண்டிருந்தது. இயக்குநர் ‘கட்’ சொன்னால்தான் காவலுக்கு நின்றவர்கள் காட்சிக்குள் வரலாம். நான் திரும்பி அவனைப் பார்த்தேன். அவன் நாற்காலியின் நுனியில் இருந்தான். வாய் கொஞ்சம் திறந்திருந்தது. கீழுதட்டில் எச்சில் மினுங்கியது. ஒரு குழந்தை இனிப்பைப் பார்ப்பதுபோலத் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தான். ஒரு கை மேலே உயர்ந்து, ஒருவரும் அசையாதே என்று விரித்தபடி நின்றது.

‘கட்’ அவன் சொல்லவில்லை. காவலுக்கு நின்ற ஒருவன்தான் கடைசியில் பொறுக்காமல் பாய்ந்து அக்காவைத் தூக்கினான்.

அக்காவைக் கரையில் இருத்தினார்கள். வாந்தி எடுத்தார். களிமண் தண்ணீரும் மீன் செதிலும் வந்தன. மஞ்சள் பாவாடைக்காரி ஓடிவந்து, “எனக்கு ஒன்றும் இல்லை, நான் நல்லாயிருக்கிறேன்” என்று ஆங்கிலத்தில் சொல்லி அழுதாள். அவளுக்கும் ஒன்றும் சொல்லப்படவில்லை. அவன் எழுந்து வந்தான். என் தோளில் கை வைத்தான்.

“அற்புதம்,” என்றான். மூச்சு வாங்கியது. “கடைசியில் அந்த மடையன் உள்ளே வந்துவிட்டான். இன்னொரு முறை செய்ய முடியுமா என்று அவரிடம் கேள்.”

நான் கேட்டேன். எழுதவே கை கூசுகிறது, ஆனால் கேட்டேன். முழங்காலில் இருந்து, அக்காவின் காதருகே, “அக்கா, இன்னொருக்கா…” என்று தொடங்கினேன்.

அக்கா நிமிர்ந்து பார்த்தார். பொட்டுத் துடைத்த நெற்றி வெறுமையாக இருந்தது. கண் சிவந்திருந்தது.

“மஞ்சள் எண்டு உவங்களுக்கு ஆர் சொன்னது?”

நான் அவர் சேலையில் ஒட்டியிருந்த மீன் செதிலைத் தட்டிவிடப் போனேன்.

“நீயெல்லோ சொன்னனி.”

எழுந்தார். ஈரச் சேலையின் மேல் தன் கோட்டைப் போட்டுக்கொண்டு, ஆட்களைக் கொண்டுபோகும் பஸ்ஸில் தனியாகப் போய் இருந்தார். நான் போகவில்லை. அன்றைக்கு இன்னும் நான்கு காட்சிகள் இருந்தன. நான்கையும் முடித்துக்கொடுத்துவிட்டுத்தான் வீட்டுக்குப் போனேன்.

மூன்று நாள் கழித்து அக்காவின் வீட்டுக் கதவைத் தட்டினேன். சங்கிலியைக் கழற்றாமல் திறந்தார்.

“என்ன விஷயமா வந்தனீங்கள்?”

‘நீங்கள்’ என்றார். அந்த ஒரு சொல்லில் நான் படியில் ஒரு படி கீழே போய்விட்டேன். மன்னிப்பு, தெரியாமல், நினைக்கவில்லை என்று ஏதேதோ சொன்னேன். அவர் கேட்டுக்கொண்டு நின்றார்.

“நான் கத்தினது படத்திலை வருமோ?”

“தெரியேல்லை அக்கா.”

“அவளின்ரை பேர் சொல்லிக் கூப்பிட்டனான். எல்லாரும் கதிரையிலை இருந்து பாப்பினம், என்ன? அதை எடுக்கச் சொல்லுங்கோ. வேற ஒண்டும் எனக்கு வேண்டாம்.”

கதவு சாத்தப்பட்டது.

அவனிடம் போனேன். படத்தை வெட்டி ஒட்டும் இருட்டறையில் இருந்தான். நான் சொல்லி முடிக்கும் முன்பே, “முதலில் பார்” என்று ஓட்டிக் காட்டினான். பார்த்தேன். அந்தப் படம் முழுவதிலும் உண்மையாக இருந்தது அந்த ஒன்றரை நிமிடம் மட்டும்தான். எனக்குக் கண்ணீர் வந்தது. அவன் திரையைப் பார்க்கவில்லை, என் முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தான். “பார்த்தாயா?” என்றான் மெதுவாக. “இது நீ எனக்குத் தந்தது.” அந்த அறையில் பழைய முட்டை நாற்றமும் வியர்வை நாற்றமும் இருந்தன. என் கண்ணீரும் அந்த நாற்றத்தோடு சேர்ந்ததுபோல எனக்கு அருவருத்தது.

“அவருக்கு விருப்பமில்லை. எடுத்துவிடுங்கள்.”

“கையெழுத்து வைத்திருக்கிறார். எல்லோரும் வைக்கிறார்கள். அந்தத் தாளை வாங்குவதே நீதானே.”

உண்மை. ஒவ்வொரு நாளும் வேலை முடிந்து போகும்போது ஆட்கள் ஒரு தாளில் கையெழுத்து வைக்க வேண்டும். எங்கள் உருவத்தையும் குரலையும் பயன்படுத்தலாம் என்று அதன் கீழே சின்ன எழுத்தில் இருக்கும். வீட்டுக்குப் போய், அந்தத் தாள்களை அடுக்கி வைத்த என் கோவையை எடுத்துப் பார்த்தேன். அந்த நாளுக்குரிய அக்காவின் தாளில் கையெழுத்து இடம் வெறுமையாக இருந்தது. ஈரத்தோடு எழுந்து போனவர் கையெழுத்து வைக்கவில்லை. நானும் கவனிக்கவில்லை.

அடுத்த நாள் அந்தத் தாளைக் கொண்டுபோய் மேசையில் வைத்து அவனிடம் சொன்னேன். அவன் முகம் மாறவில்லை. முட்டை ஒன்றை மேசை விளிம்பில் தட்டினான்.

“உங்கள் எழுத்து இங்கே யாருக்குத் தெரியும்? இரண்டு வளைவு போட்டுவிடு.” 

பிறகு, நான் அசையாமல் நிற்பதைக் கண்டு, குரலைத் தணித்தான். “இருபத்தைந்து வருடம் மற்றவர்களுக்காகக் கத்தினேன். இந்த ஒன்றரை நிமிடம்தான் என்னுடையது. இதைக் கெடுக்காதே.”

அந்த நேரம் அவன்மேல் எனக்குக் கொஞ்சம் இரக்கம் வந்தது என்பதையும் சொல்லத்தான் வேண்டும். ஆனால் அவன் ‘என்னுடையது’ என்ற சொல்லைச் சொன்னபோது முட்டைத் துண்டு ஒன்று அவன் வாயிலிருந்து தெறித்து, மேசையில் கிடந்த அந்தத் தாளில் விழுந்தது. அக்காவின் பெயருக்குப் பக்கத்தில். அவன் அதைச் சுட்டுவிரலால் தட்டிவிட்டான். நான் தாளை எடுத்துக்கொண்டு, படியிறங்கித் தயாரிப்பாளரின் அலுவலகத்துக்குப் போனேன்.

அவள் தாளைப் பார்த்தாள். நடந்ததை முழுக்கக் கேட்டாள்.

“அன்றைக்கே ஏன் நீங்கள் என்னிடம் வரவில்லை?” என்றாள், தன் பிரெஞ்சு வாடை அடிக்கும் ஆங்கிலத்தில்.

“வேலை இருந்தது,” என்றேன். அதைச் சொன்ன பிறகுதான் அது என் காதில் விழுந்தது. அவள் பார்வையை வேறு பக்கம் திருப்பிக்கொண்டாள். 

காட்சியை எடுத்துவிட்டார்கள். ஒருவருக்கும் மனம் உறுத்தி அல்ல. வழக்கு வரும் என்று வழக்கறிஞர் எழுதிக் கொடுத்தபடியால். என் வேலையும் அன்றோடு முடிந்தது. கடைசித் தனி வரியில் என் பெயர் வரவில்லை.

அடுத்த இலையுதிர்காலம் படம் டவுன்டவுனில் ஒரு சின்னத் திரையரங்கில் வந்தது. பகல் காட்சிக்குப் போய் இருந்தேன். என்னையும் சேர்த்துப் பதினொரு பேர் இருந்தோம். வள்ளம் ஆடுகிறது, வெடிக்கிறது, அடுத்து எல்லோரும் கரையில் இருக்கிறார்கள். நடுவில் என்ன நடந்தது என்று விளங்காமல் எனக்கு முன்வரிசையில் இருந்த ஒருவர் பக்கத்து ஆளிடம் கேட்டார். அடுத்த கிழமை படத்தைத் தூக்கிவிட்டார்கள். இயக்குநராக அவன் எடுத்தது அந்த ஒரு படம்தான். பனி விழுமுன்னரே திரும்பவும் முதல் உதவி இயக்குநராகப் போய்விட்டான். இன்னொருவருடைய படத்தில், இன்னொரு பெட்டியின் மேல்.

ஒரு காலை எனக்குத் தொலைபேசி எடுத்தான். ஒன்றும் நடக்காததுபோல, அன்பான குரல். பெரிய படமாம், சந்தைக் காட்சியாம், உன்னைப்போல வேறொருவர் இந்த ஊரில் இல்லை என்றான்.

“எத்தனை பேர் வேண்டும்?” என்று கேட்டேன். கை தானாகப் பேனையைத் தேடியது. அந்தக் கையைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். பிறகு, “இல்லை, என்னால் ஏலாது” என்று வைத்துவிட்டேன். அவன் பிறகு இங்கிலாந்துக்கே போய்விட்டதாக யாரோ சொன்னார்கள். இப்போதும் எங்கோ ஒரு கூட்டத்தைப் பார்த்துக் கத்திக்கொண்டிருப்பான்.

அக்காவை அதற்குப் பின் கண்டது அடுத்த கோடையில், ஜான்-டலோன் சந்தையில், பயற்றங்காய்க் குவியலுக்கு முன்னால். விலகிப் போகலாம் என்று நினைத்தேன், அவர் கண்டுவிட்டார். பக்கத்தில் போய், “அந்தக் காட்சியை எடுத்துப்போட்டினம் அக்கா. நான் போய்ப் பாத்தனான். அது இல்லை” என்றேன். பாராட்டை எதிர்பார்த்தேன் என்று நினைக்கிறேன். 

அவர் ஒரு பயற்றங்காயை ஒடித்துப் பார்த்தார்.

“வெட்டினது எங்கை?”

“விளங்கேல்லை அக்கா.”

“படத்திலை இருந்து வெட்டினதெல்லோ. அந்தத் துண்டு. எரிச்சுப்போட்டினமோ?”

“இல்லை. அப்பிடி எரிக்கிறேல்லை. எங்கையாவது பெட்டியிலை வைச்சிருப்பினம்.”

“அப்ப ஆரும் எடுத்துப் பாக்கலாம்.”

பார்க்க மாட்டார்கள் என்று சொல்ல வாய் எடுத்தேன். எனக்குத் தெரியாத ஒன்றை அவருக்கு இன்னொரு தரம் சொல்ல முடியவில்லை. “ஓம்” என்றேன்.

அக்கா தலையசைத்தார். காயைப் பையில் போட்டு, கடைக்காரனுக்கு ‘மெர்சி’ சொல்லி, பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பஸ் நிற்கும் பக்கம் நடந்தார். போட்டு வாறன் என்று என்னிடம் சொல்லவில்லை. நான் அந்தக் குவியலுக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தேன். உங்களுக்கு என்ன வேண்டும் என்று கடைக்காரன் பிரெஞ்சில் இரண்டாம் முறை கேட்டான்.